கடப்பாக்கமும் ஆலம்பரைக் கோட்டையும் – ஊர் வரலாறு எழுதும் முறை

புதிதாகத் தேர்ந்தெடுக்கப்பெற்ற ஊராட்சி மன்ற உறுப்பினர்களுக்கு நடைபெறும் பயிற்சியின் கடைசி நாளன்று ஒரு வெளிப்பயணம் ஏற்பாடு செய்வது வழக்கம். பெரும்பாலும் பால் கூட்டுறவுச் சங்கத்தையோ நன்கு பழுது பார்க்கப்பட்ட ஏரி ஒன்றையோ காட்டி அழைத்து வருவோம். சென்ற முறை இவ்வழக்கத்தைச் சிறிது மாற்றி, கிழக்குக் கடற்கரைச் சாலையில் மாமல்லபுரத்திற்குத் தெற்கே ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தொலைவிலுள்ள கடப்பாக்கத்திற்கு அவர்களை அழைத்துச் சென்றோம். கடப்பாக்கம் இடைக்கழிநாடு பேரூராட்சியைச் சார்ந்தது. நம் பொறுப்பிலுள்ள ஊராட்சிகளுள் ஒன்றன்று. எனினும் ஒரு கிராமத்தின் வரலாற்றை எவ்வாறு கற்பது என்பதற்கு அதனினும் ஏற்ற பாடம் அருகில் இல்லை என்று கருதியே அவ்வாறு செய்தோம்.

ஆலம்பரைக் கோட்டையின் இடிந்த மதிலைச் சுற்றிவந்து, கழியோரத்தில் நிழல் பார்த்து அமர்ந்தபொழுது, வேர்க்கடலை பயிரிடும் உறுப்பினர் ஒருவர் நம்மை நோக்கி, "ஐயா, இந்த இடிசுவரைப் பார்ப்பதில் அரை நாள் போய்விட்டது. இதனால் எங்கள் ஊருக்கு ஒரு குழாயாவது வருமா?" என்று கேட்டார். மற்றவர் நகைத்தனர். நாமும் நகைத்தோம். ஆயினும் அது நகைத்து விட்டுவிடத்தக்க கேள்வியன்று. குடிநீரும் சாலையும் தெருவிளக்கும் கேட்டு மக்கள் வாக்களித்திருக்கையில், பழங்கதைக்கு நேரம் ஏது என்று ஓர் உறுப்பினர் எண்ணுவது இயல்பே. அன்று அவருக்கு நாம் கூறிய விடை அரைகுறையானது. அதனை முழுமையாகக் கூறும் முயற்சியே இக்கட்டுரை.

கோட்டை கூறும் செய்தி

முதலிற் கோட்டையையே எடுத்துக்கொள்வோம். செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும் கொண்டு கழியின் கரையில் எழுப்பப்பட்டது இது. ஒரு புறம் ஊர், மறுபுறம் கழி, கழிக்கு அப்பால் மணல்மேடு, அதற்கும் அப்பாற் கடல். ஆர்க்காட்டு நவாபு தோஸ்த் அலி கான் காலத்தில், 1736ஆம் ஆண்டிற்கும் 1740ஆம் ஆண்டிற்கும் இடையே இக்கோட்டை கட்டப்பெற்றது என்பர். அந்நவாபு 1740இல் மராட்டியருடன் தாமல்செருவுக் கணவாயில் நிகழ்ந்த போரில் உயிர் துறந்தார்.

இங்கே கப்பல் துறை ஒன்று இருந்தது. சுமார் 100 மீட்டர் நீளமுள்ள படகுத் துறையிலிருந்து சரிகைத் துணியும் உப்பும் நெய்யும் ஏற்றுமதியாயின. துணி நெய்தவர் யார், நெய் எவ்வூர் மாடுகளின் பாலிலிருந்து வந்தது, உப்பு எந்த அளத்தில் விளைந்தது என்று எண்ணிப் பார்த்தால், கோட்டையின் வரலாறு சுற்றியுள்ள ஊர்களின் வரலாறாக மாறுவதைக் காணலாம். நவாபின் கொடி மதிலின்மேற் பறந்திருக்கலாம். துறைக்கு வந்த சரக்கோ குடியானவனும் நெசவாளியும் அளத்துத் தொழிலாளியும் உண்டாக்கிய சரக்கு.

துறைக்கு அடுத்தபடி இவ்வூருக்குப் பெயர் தேடித் தந்தது தங்கசாலை. ஆலம்பரையில் அடிக்கப்பட்ட நாணயங்கள் சோழமண்டலக் கரை வணிகர் கைகளில் தாராளமாக வழங்கின. புதுச்சேரியில் தாமே ரூபாய் அடித்துக்கொள்ளும் உரிமையைப் பிரெஞ்சு ஆளுநர் தூமா 1736இல் தோஸ்த் அலி கானிடமிருந்து பெற்றார். வெளிநாட்டிலிருந்து கப்பலில் வரும் வெள்ளியைப் பிறர் தங்கசாலைக்கு அனுப்பி நாணயமாக்கும் செலவும் காலத் தாழ்வும் அதனால் அவர்களுக்குக் குறைந்தன. அக்காலத்து நிகழ்ச்சிகளைப் புதுச்சேரியிலிருந்து தமிழில் நாள்தோறும் எழுதிவைத்த ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு அதே 1736இல் தொடங்கி 1761 வரை செல்கின்றது. அதில் ஆலம்பரையின் பெயரும் வருகின்றது. வெளிநாட்டார் கடிதங்களை மட்டும் நம்பியிராமல், தமிழர் ஒருவர் தமிழிலேயே எழுதிய சான்று நமக்குக் கிடைத்திருப்பது பெரும் பேறு.

1750 டிசம்பரில் செஞ்சிக்கு அருகே நாசிர் சங் கொல்லப்பட்டார். பிரெஞ்சுக்காரரின் துணையால் முசாபர் சங் தக்காணத்துச் சுபேதார் ஆனார். தூப்ளே செய்த உதவிக்குக் கைம்மாறாக ஆலம்பரை பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தது. பத்தாண்டுகள்கூட அவர்களிடம் அது நிலைக்கவில்லை. 1760 ஜனவரியில் வந்தவாசிப் போரில் வென்ற ஆங்கிலப் படை, சர் அயர் கூட்டின் தலைமையில், புதுச்சேரியைச் சுற்றியிருந்த அரண்களை ஒவ்வொன்றாகப் பிடித்தது. அவ்வாண்டே ஆலம்பரையும் வீழ்ந்து இடிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு ஜனவரியிற் புதுச்சேரியும் வீழ்ந்தது. ஆங்கில ஆவணங்களிலும் பிரெஞ்சு ஆவணங்களிலும் இவ்வூரின் பெயர் பலவாறு திரிந்து, 'ஆலம்பர்வா' என்பது போன்ற வடிவங்களிற் காணப்படும். இப்பெயர்த் திரிபை அறியாதவர் பழைய நிலப்படத்தைக் கையில் வைத்துக்கொண்டே ஊரைத் தேடிக்கொண்டிருப்பர்.

எதிரியின் வெடிமருந்து இடித்தது ஒரு பகுதி. எஞ்சியதைக் கொண்டுபோனவர் நம்மவர். பாழடைந்த கோட்டையின் செங்கல் வீட்டுக்கும் மாட்டுத் தொழுவத்துக்கும் போவது எங்கும் நடப்பதுதான். ஏழை ஒருவன் நாலு செங்கல் எடுத்ததைப் பெருங்குற்றமாக நாம் கருதவில்லை. கேட்க ஆளில்லை என்ற எண்ணந்தான் மதிலைத் தேய்த்தது. 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை வந்து, நின்றவற்றுட் சிலவற்றையும் சாய்த்தது. தமிழ்நாடு அரசு தொல்லியல் துறை 2011–12இல் இங்கு அகழாய்வு நடத்தியது. இப்பொழுது விடுமுறை நாட்களிற் கழியிற் படகேறி வேடிக்கை பார்ப்பவர் வருகின்றனர். திரைப்படம் எடுப்போரும் வருகின்றனர். திரைப்படத்திற் கோட்டையைக் கண்டவர் பலர் அதன் பெயரை அறியார்.

கோட்டைக்கு முந்திய ஊர்

கோட்டையோடு வரலாறு தொடங்கி அதனோடே முடிந்துவிட்டது என்று எண்ணுவது நம்மவர் செய்யும் முதற்பிழை. இடைக்கழிநாடு என்ற பெயரையே பாருங்கள். கழிகளுக்கு இடைப்பட்ட நாடு என்பது அதன் பொருள். தரையை ஒரு முறை சுற்றிவந்தவர் இப்பெயரிட்டவர் கண்ணாரக் கண்டே இட்டார் என்பதை உணர்வர். சங்க இலக்கியமாகிய பத்துப்பாட்டுள் ஒன்று சிறுபாணாற்றுப்படை. அதனைப் பாடிய புலவரின் பெயர் இடைக்கழிநாட்டு நல்லூர் நத்தத்தனார். இன்றைக்குப் பேரூராட்சி அலுவலகத்தின் பலகையில் எழுதப்பட்டிருக்கும் பெயரை, ஏறத்தாழ ஆயிரத்தெழுநூறு ஆண்டுகளுக்கு முன்னரே ஒரு புலவர் தம் பெயரோடு தாங்கியிருந்தார். வரி ரசீதில் நாம் நாள்தோறும் காணும் பெயர் இத்தனை பழைமையானது என்பதைப் பள்ளிப் பிள்ளைகள் எத்தனை பேர் அறிவர்?

அந்நூலின் பாட்டுடைத் தலைவன் ஓய்மாநாட்டு நல்லியக்கோடன். திண்டிவனத்தைச் சூழ்ந்த பகுதியே ஓய்மாநாடு. பாணன் செல்லும் வழியில் எயிற்பட்டினம், வேலூர், ஆமூர் என்னும் ஊர்கள் வருகின்றன. கடற்கரையிலுள்ள எயிற்பட்டினத்து மீனவர் வந்தவர்க்குச் சுட்ட மீன் கொடுக்கின்றனர். வயல் சூழ்ந்த ஆமூரில் உழவர் வீட்டார் நண்டுக் கறியோடு சோறு இடுகின்றனர். எயிற்பட்டினம் இன்றைய மரக்காணமே என்று அறிஞர் பலர் கருதுவர். உப்பு வணிகராகிய உமணர் மாட்டு வண்டிகளில் உப்பேற்றிச் செல்வதையும், அவர்கள் வளர்க்கும் குரங்கு அவர்தம் பிள்ளைகளோடு கிளிஞ்சற் கிலுகிலுப்பையை ஆட்டி விளையாடுவதையும் புலவர் காட்டுகின்றார். நாம் இதனை எடுத்துச் சொன்னபொழுது, உப்பளத்தில் வேலை பார்த்த ஓர் அம்மையார், "எங்கள் அளத்திலும் குரங்கு வரும், ஆனால் சோற்றைத் தூக்கிக்கொண்டு போய்விடும்" என்றார். இலக்கியம் பள்ளிப் பாடப்புத்தகத்தை விட்டு ஊருக்குள் வந்தது அப்பொழுதுதான்.

உப்பு இக்கரையின் மிகப் பழைய தொழில். மரக்காணத்துப் பூமீசுவரர் கோயிலின் சோழர் காலக் கல்வெட்டுகளில் உப்பளங்களைப் பற்றிய செய்திகள் உள்ளன. கிழக்கிந்தியக் கம்பெனி 1805இல் சென்னை மாகாணத்து உப்பைத் தன் ஏகபோகமாக்கிக்கொண்டது. அளத்தில் விளைந்த உப்பைச் சர்க்கார் கொட்டாரத்தில் ஒப்படைத்துவிட்டு, வீட்டுச் சமையலுக்கு வேண்டிய உப்பை வரியோடு கூடிய விலைக்கு வாங்கவேண்டிய நிலை தொழிலாளிக்கு ஏற்பட்டது. 1930இல் திருச்சியிலிருந்து வேதாரணியத்திற்கு இராஜாஜியின் தலைமையில் தொண்டர் நடந்ததன் காரணத்தை, செய்யூரிலும் மரக்காணத்திலும் பாத்தி மிதித்தவர் வீட்டுப் பிள்ளைகளுக்கு விரிவாக விளக்க வேண்டுவதில்லை. 1947இல் அவ்வரி நீங்கியது.

கால்வாயும் சவுக்கும்

கழியை ஒட்டிச் செல்லும் பக்கிங்காம் கால்வாயை இன்று பலர் வெறும் சாக்கடைத் தேக்கமாக எண்ணுகின்றனர். சென்னைக்கும் எண்ணூருக்கும் இடையே 1806இல் வெட்டத் தொடங்கிய கால்வாய் இது. பின்னர் வடக்கே ஆந்திரத்துக்கும் தெற்கே மரக்காணத்துக்குமாக நீண்டது. 1877–78ஆம் ஆண்டுப் பெரும் பஞ்சத்தில், உணவின்றி நகரை நோக்கி வந்த மக்களைக் கொண்டே, நிவாரண வேலையாகக் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதியை வெட்டினர். அன்றைய ஆளுநர் பக்கிங்காம் கோமகனின் பெயர் கால்வாய்க்கு இடப்பட்டது. மண் சுமந்து மடிந்தவர் எவர் பெயரும் அதற்கு இடப்படவில்லை என்பதையும் ஊர் வரலாறு எழுதுவோர் ஒரு வரியிற் குறித்து வைத்தல் நலம்.

எண்பது வயது கடந்த பெரியவர் ஒருவர் அன்று நம் குழுவோடு பேசினார். தாம் சிறுவனாயிருந்தபொழுது விறகும் உப்பும் கிளிஞ்சலும் ஏற்றிய தோணிகள் இக்கால்வாய் வழியே சென்னைக்குச் சென்றதைக் கண்டதாகச் சொன்னார். காற்று உள்ளபோது பாய் விரிப்பார்கள். காற்றில்லாதபோது கழி ஊன்றித் தள்ளுவார்கள், அல்லது ஆட்கள் கரையில் நடந்து கயிற்றால் இழுப்பார்கள். 1965, 1966ஆம் ஆண்டுப் புயல்களிற் கால்வாய் பெரிதும் ஊறுபட்டது. அதன்பின் தோணிப் போக்குவரத்துத் தேய்ந்து லாரி வந்துவிட்டது. அவர் கூறியதில் நம் கவனத்தை ஈர்த்தது மற்றொன்று. கரையில் கயிறு இழுத்து நடப்பதற்கென்று ஒரு பாதை விட்டிருந்தார்களாம். அப்பாதையில் எவரும் பயிரிடமாட்டார்களாம். "இன்றைக்கு அது எங்கே இருக்கிறது என்று என்னைத் தவிர இரண்டு பேருக்குத்தான் தெரியும்" என்றார். இக்கூற்றை உறுப்பினர்கள் நன்கு செவியேற்றார்கள். ஏனெனில் கால்வாய்க் கரை ஆக்கிரமிப்பைப் பற்றிய மனு ஒவ்வொரு கிராம சபையிலும் வருகின்றது.

சவுக்குத் தோப்பைப் பற்றியும் ஒரு சொல். கடற்கரை என்றாலே சவுக்கு என்று நம் கண் பழகிவிட்டது. ஆனால் அது இம்மண்ணின் பழைய மரமன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில், இரயில் எஞ்சினுக்கும் சென்னை நகரத்து அடுப்புக்கும் விறகு வேண்டி இக்கரை மணலிற் பெருகப் பயிரிடப்பட்டது. பழையது எது, புதியது எது என்று பிரித்தறிவதே வரலாற்றுப் பயிற்சியின் பாதி.

கணக்குப்பிள்ளை எழுதிய ஓலை

நம் செங்கற்பட்டுச் சீமைக்கு வேறெந்தச் சீமைக்கும் எளிதில் வாய்க்காத ஒரு செல்வம் உண்டு. 1763இல் ஆர்க்காட்டு நவாபு முகம்மது அலி இச்சீமையைக் கம்பெனிக்கு ஜாகீராகக் கொடுத்தார். 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்னும் பொறியாளர் ஜாகீர் கிராமங்களை அளந்து கணக்கெடுத்தார். அவருக்கு விவரம் கொடுத்தவர்கள் ஊர்க் கணக்குப்பிள்ளைகளே. அவர்கள் தமிழில் ஓலையில் எழுதிய கணக்குகளிற் பல நமக்குக் கிடைத்துள்ளன. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் அவை பாதுகாக்கப்படுகின்றன. சென்னையிலுள்ள கொள்கை ஆய்வு மையத்தார் அவற்றை ஆராய்ந்து, திருப்போரூர், வடக்குப்பட்டு ஆகிய ஊர்களின் கணக்குகளை 2001இல் நூலாக வெளியிட்டனர்.

அவ்வோலைகளில் என்ன இருக்கின்றது? ஊரில் எத்தனை வீடு, எந்தத் தெருவில் யார், எத்தனை ஏரி, குளம், தோப்பு, எவ்வளவு நஞ்சை புஞ்சை என்பன இருக்கின்றன. களத்தில் நெல் அடித்தபின் கோயிலுக்கும், கணக்குப்பிள்ளைக்கும், தலையாரிக்கும், வெட்டியானுக்கும், தச்சனுக்கும், கொல்லனுக்கும், வண்ணானுக்கும், நாவிதனுக்கும், ஏரி பராமரிப்புக்கும் என்று இன்னின்னாருக்கு இவ்வளவு பங்கு என்பதும் உண்டு. இப்பங்குகளுக்குச் 'சுதந்திரம்' என்றும் 'மேரை' என்றும் பெயர். ஏரிக்கென ஒரு பங்கு களத்திலேயே ஒதுக்கப்பட்டது நம் கவனத்திற்குரியது. மராமத்துக்கு நிதி வரவில்லை என்று நாம் கோப்பு எழுதும்போதெல்லாம் இது நினைவுக்கு வந்து நம்மை உறுத்தும்.

ஆயினும் பழைமையை வெறுமனே போற்றிப் பாடுவது நம் நோக்கமன்று. அப்பங்கு முறையில் யார் மிகுதியாகப் பெற்றார், யார் கடைசியிற் பெற்றார் என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும். நிலத்தில் உழைத்தவர்க்கு நிலம் இல்லாதிருந்த நிலையை, இம்மாவட்டத்துக் கலெக்டராயிருந்த திரெமென்ஹீர் 1891இல் எழுதிய அறிக்கை விரிவாக எடுத்துக் காட்டியது. அதன் விளைவாக 1892இல் பிறந்த அரசாணைப்படி ஒடுக்கப்பட்ட மக்களுக்கு ஒதுக்கப்பெற்ற நிலங்களே பஞ்சமி நிலங்கள். எந்த ஊரில் எந்தப் புல எண் அவ்வாறு ஒதுக்கப்பட்டது என்பதை ஊர் மறந்தால் இழப்பு யாருக்கு என்பது வெளிப்படை. கோட்டை மதிலைப் போன்றே அப்பழைய நிலப்பதிவேடும் ஊரின் மரபுச் செல்வந்தான். மதில் இடிந்தால் கண்ணுக்குத் தெரியும். பதிவேடு செல்லரித்தால் வழக்கு வரும் நாள்வரை ஒருவருக்கும் தெரியாது.

1980இல் பரம்பரைக் கணக்குப்பிள்ளை, மணியக்காரர் பதவிகள் நீக்கப்பட்டன. அது வேண்டிய சீர்திருத்தமே. ஆனால் அவர்கள் வீட்டுப் பரணில் இருந்த பழங்கணக்குகள் எங்குச் சென்றன என்று பல ஊர்களில் எவரும் கேட்கவில்லை. எடைக்குப் போனவை எத்தனையோ!

ஈண்டு நம் தவறொன்றையும் மறைக்காமற் கூறுவோம். பல ஆண்டுகளுக்கு முன்பு வேறோர் ஒன்றியத்தில் நாம் பணியாற்றியபொழுது, ஒரு ஏரியின் மதகருகே எழுத்துப் பொறித்த கல் ஒன்று கிடந்தது. சிறுபாலம் கட்டும் வேலை நடந்துகொண்டிருந்தது. அளவாகவும் உறுதியாகவும் இருந்த அக்கல்லை அடித்தளத்தில் வைத்துக் கட்டிவிட்டார்கள். வேலையை மேற்பார்வையிட்ட நாம் கல்லைப் பார்த்தோம், எழுத்தையும் பார்த்தோம், வாயைத் திறக்கவில்லை. வேலை முடியும் தேதியே அன்று நமக்குப் பெரிதாயிருந்தது. இரண்டாண்டு கழித்து மேல்மடைக்காரருக்கும் கடைமடைக்காரருக்கும் தண்ணீர் முறை பற்றித் தகராறு மூண்டது. "முறை கல்லில் எழுதியிருந்தது" என்று கடைமடையிலுள்ள முதியவர்கள் கூறினர். உண்மையில் அதுதான் எழுதியிருந்ததோ, வேறு ஏதேனும் தானச் செய்தியோ, எவரால் சொல்ல முடியும்? ஒரு புகைப்படமேனும் எடுத்திருந்தால் படித்தறிந்திருக்கலாம். கடைமடை நிலங்கள் அவ்வாண்டு தரிசாகக் கிடந்ததை நாம் மறக்கவில்லை.

ஸ்காட்லாந்திற் செய்த வேலை

ஊர் வரலாற்றைப் பெரும் புலவர்தாம் எழுத வேண்டும் என்பதில்லை. இங்கிலாந்துக்கு வடக்கேயுள்ள ஸ்காட்லாந்து நாட்டில், சர் ஜான் சின்கிளேர் என்பவர் 1790ஆம் ஆண்டளவில் நாட்டிலுள்ள ஒவ்வொரு திருச்சபை வட்டத்துப் பாதிரியாருக்கும் 160க்கு மேற்பட்ட கேள்விகளடங்கிய தாள் ஒன்றை அனுப்பினார். மண்ணின் தன்மை யாது, என்ன நோய்கள் வருகின்றன, மக்கள் எத்தனை பேர், கூலி என்ன, தானிய விலை என்ன, பாழடைந்த கட்டிடங்கள் உண்டா, பள்ளி உண்டா, ஏழைகளுக்கு யார் உதவுகின்றனர் என்பன போன்ற கேள்விகள் அவை. விடை எழுதாதவர்க்கு மீண்டும் மீண்டும் நினைவூட்டுக் கடிதம் போயிற்று. 1791 முதல் 1799க்குள் 21 தொகுதிகளாக அவ்விடைகள் அச்சாயின. தொள்ளாயிரத்துக்கு மேற்பட்ட சிற்றூர் வட்டங்களின் நிலை அதனால் நமக்குத் தெரிகின்றது. ஆட்டு மந்தையும் சில குடிசைகளும் தவிர வேறொன்றுமில்லாத மலையூருக்கும் அதில் இடம் உண்டு. நூறாண்டு கழித்து அவ்வூரில் பிறந்தவன் தன் பாட்டனின் கூலியையும் ஊரின் சோற்று விலையையும் அச்சில் காணலாம்.

அதற்கு இருபது ஆண்டுக்கு முன்னரே நம் கணக்குப்பிள்ளைகள் ஓலையில் எழுதிவிட்டார்கள் என்பதில் நாம் சிறிது பெருமை கொள்ளலாம். வேறுபாடு யாதெனின், அவர்கள் உடனே அச்சிட்டு ஊருக்கே திருப்பிக் கொடுத்தனர். நம் ஓலைகள் இருநூறு ஆண்டுக்கு மேல் கட்டுக்குள் உறங்கின. பிற்காலத்திலும் நம் நாட்டில் முயற்சிகள் நடந்தன. சென்னைப் பல்கலைக்கழகத்துப் பொருளாதாரப் பேராசிரியர் கில்பர்ட் சிலேட்டர் 1916இல் மாணவரைத் தத்தம் ஊருக்கு அனுப்பி ஆராயச் செய்தார். விழுப்புரத்துக்கு அருகிலுள்ள இருவேல்பட்டும், காஞ்சிக்கு அருகிலுள்ள தூசியும் அவற்றுட் சேர்ந்தவை. ஒரே ஊரைப் பல ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் ஆராய்ந்து ஒப்பிட அவை வழி செய்தன.

ஊராட்சி செய்யத்தக்கவை

ஊராட்சி அலுவலகத்தில் 'ஊர் வரலாற்றுக் குறிப்பேடு' என்று ஒரு நோட்டுப் புத்தகம் வைத்தாற் போதும். இதற்குத் தனி நிதி வேண்டுவதில்லை. மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு தயாரித்த ஊராட்சிகளுக்கு இவ்வேலை புதிதன்று. முதியோரிடம் கேட்டு எழுதும் பழக்கம் அவர்களுக்கு ஏற்கெனவே உண்டு.

முதலில் ஊரின் பெயரையும் உட்பெயர்களையும் எழுதுங்கள். வயற்காட்டுக்கும் வாய்க்காலுக்கும் மடைக்கும் மேட்டுக்கும் உழவர் வழங்கும் பெயர்கள் ஏராளம். பட்டாவில் எண் மட்டுமே இருக்கும். பெயர் வாயில் மட்டுமே இருக்கும். பெயருக்குப் பொருள் கூறுவதில் அவசரம் வேண்டா. 'பாக்கம்' என்பது நெய்தல் நிலத்தூரைக் குறிக்கும் பழஞ்சொல் என்பது உண்மை. ஆனால் 'கடப்பாக்கம்' என்பதன் முற்பாதியைக் கடலென்றும், கடம்பென்றும், கடத்தல் என்றும் ஆளுக்கொரு விதமாய்ப் பிரிப்பதில் நம்மவர்க்கு உற்சாகம் மிகுதி. கல்வெட்டிலோ பழைய ஆவணத்திலோ அப்பெயர் எவ்வாறு எழுதப்பட்டது என்று பார்க்கும்வரை, கேட்டதைக் கேட்டபடி, யார் சொன்னது என்ற குறிப்போடு எழுதி வையுங்கள்.

அடுத்து, கிராம நிர்வாக அலுவலரிடமும் வட்ட அலுவலகத்திலும் உள்ள 'அ' பதிவேட்டையும் புலப்படங்களையும் முதியவர் ஒருவரை உடன் வைத்துக்கொண்டு பாருங்கள். படத்தில் உள்ளது தரையில் உண்டா, தரையில் உள்ளது படத்தில் உண்டா என்று நடந்து பார்க்க வேண்டும். உட்கார்ந்த இடத்திற் செய்யும் வேலையன்று இது. நாம் கண்ட அளவில், ஊராட்சிக்கு உடனடியாகப் பயன் தரும் பகுதி இதுவே.

கோயிற் சுவர், மண்டபத் தூண், ஏரி மதகு, வயல் வரப்பு ஆகியவற்றில் எழுத்துள்ள கல் இருப்பின் அதன்மேற் சுண்ணாம்போ வண்ணமோ பூசவிடாதீர்கள். திருப்பணியின்போது மணல் வீசித் தேய்க்கும் வழக்கம் எழுத்தை அழித்துவிடும். புகைப்படம் எடுத்துத் தொல்லியல் துறைக்கு அனுப்பினால் அவர்கள் படித்துச் சொல்லுவர். உத்திரமேரூர்க் கோயிற் சுவரைச் சுரண்டியிருந்தால், கி.பி. 919, 921ஆம் ஆண்டுகளிற் பராந்தக சோழன் காலத்தில் 30 குடும்புகளில் ஓலையிட்டுத் தேர்தல் நடத்திய செய்தி நமக்குக் கிடைத்திராது. கணக்குக் காட்டாதவன் மீண்டும் உறுப்பினராகக் கூடாது என்ற விதியும் அதில் உண்டு. சொந்த மனையும் வரி செலுத்தும் நிலமும் உடைய ஆடவர்க்கே அத்தேர்தலில் இடம் என்பதையும் மறைக்க வேண்டா. இன்று மகளிரும் நிலமற்றவரும் தலைவர் நாற்காலியில் அமர்வதன் அருமை அப்பொழுதுதான் விளங்கும்.

ஏரி தூர்வாரும்போதோ அடித்தளம் தோண்டும்போதோ காசு, செப்பேடு, படிமம் முதலியன கிடைத்தால், 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவித்தல் வேண்டும். வட்டாட்சியர் வழியாகத் தெரிவிப்பது எளிது. கண்டெடுத்தவருக்கும் சட்டத்தில் உரிமை உண்டு என்பதை மக்களுக்கு எடுத்துச் சொன்னால் ஒளித்து வைக்கும் அச்சம் குறையும். ஆலம்பரை போன்ற பாதுகாக்கப்பெற்ற சின்னங்களுக்கு 1966ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுத் தொன்மைச் சின்னங்கள் சட்டம் பொருந்தும். அங்கே ஒரு செங்கல்லை எடுப்பதும் குற்றம்.

கடலோர ஊராட்சிகளுக்கு மேலும் ஒன்று. 2004இல் அலை எதுவரை வந்தது, எந்த மணல்மேடு தடுத்தது, மக்கள் எந்த வழியாக ஓடினர் என்பதை, கண்டவர் உயிரோடிருக்கும்போதே இடம் குறித்து எழுதிவிடுங்கள். மேட்டை வெட்டி மணல் எடுக்க விண்ணப்பம் வரும் நாளில் அக்குறிப்பு உங்களுக்குத் துணை நிற்கும்.

எழுதியதை ஆண்டுக்கு ஒரு முறையேனும் கிராம சபையிற் படித்துக் காட்டுவது நல்லது. நவம்பர் முதல் நாள் நடக்கும் உள்ளாட்சி நாள் கூட்டம் அதற்கு ஏற்றது. பிழை இருந்தால் எழுந்து திருத்த ஒருவர் இருப்பார். சண்டைக்கும் சிலர் எழுவர். இரு தரப்பார் கூற்றையும் எழுதிக்கொண்டு அடுத்த பக்கத்திற்குப் போகலாம்.

கோட்டையில் நம்மைக் கேள்வி கேட்ட உறுப்பினர், பயிற்சி முடிந்து ஆறு வாரம் கழித்து நம் அலுவலகத்திற்கு வந்தார். கையில் நாற்பது பக்க நோட்டு ஒன்று இருந்தது. தம் ஊர் ஏரியின் மூன்று மதகுகளின் பெயரும், அவற்றிலிருந்து செல்லும் வாய்க்கால்களின் பெயரும் அதில் எழுதியிருந்தார். மூன்றாம் மதகின் வாய்க்கால் புலப்படத்தில் இருக்கின்றது. தரையில் அந்த இடத்தில் ஒரு சுற்றுச்சுவர் நிற்கின்றது. அவர் தாயார் அவ்வாய்க்காலில் துணி துவைத்ததாகச் சொன்னாராம். அளந்து காட்டக் கோரும் மனுவில் நாம் பரிந்துரை எழுதி வட்ட அலுவலகத்திற்கு அனுப்பியிருக்கிறோம். நில அளவர் அடுத்த மாத முதல் வாரத்தில் வருகிறார்.